தள்ளுபடியான மனு, நிலைத்துவிட்ட வரி: லார்ட் கூப்பர் குறித்து ஒரு நிகழ்வு ஆய்வு

எடின்பரோவின் இஞ்ச் குடியிருப்பில் 1952 நவம்பர் கடைசியில் புதிதாக ஒரு தபால் பெட்டி வைத்தார்கள். அந்த ஆண்டு பிப்ரவரியில் பட்டத்துக்கு வந்திருந்த அரசி எலிசபெத்தின் பெயரெழுத்தும், கூடவே ரோமன் எண்ணில் 'இரண்டு' என்பதும் அதில் பொறித்திருந்தன. ஒன்றிரண்டு நாளிலேயே அதன் மேல் யாரோ தாரைப் பூசிவிட்டார்கள். பிறகு சம்மட்டி அடி விழுந்தது. 1953 பிப்ரவரியில் வெடி வைத்துப் பெட்டியையே தகர்த்துவிட்டார்கள்.

கோபத்துக்குக் காரணம் அந்த எண். முதலாம் எலிசபெத் 1558 முதல் 1603 வரை ஆண்டது இங்கிலாந்தை. ஸ்காட்லாந்து அப்போது தனி நாடு; அங்கே மேரியும் அவருக்குப் பின் ஆறாம் ஜேம்ஸும் ஆண்டார்கள். ஸ்காட்லாந்து இதற்கு முன் எந்த எலிசபெத்தையும் பார்த்ததில்லை. முதலாமவரே இல்லாத இடத்தில் இரண்டாமவர் எப்படி வந்தார் என்று கேட்டார்கள். இரண்டு முடியரசுகளும் 1707 உடன்படிக்கையால் கலைந்து ஒரே புதிய நாடாக ஆயின என்றால், அந்தப் புதிய நாட்டுக்கும் இவர்தான் முதல் எலிசபெத்.

இதே கேள்வியை நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனவர்கள் இருவர். ஒருவர் ஜான் மக்கார்மிக்: கிளாஸ்கோ பல்கலைக்கழகத்துக்கு மாணவர்கள் தேர்ந்தெடுத்த அன்றைய ரெக்டர், ஸ்காட்டிஷ் தேசியக் கட்சியைத் தொடங்கியவர்களில் ஒருவர், பிறகு அதை விட்டு விலகி ஸ்காட்லாந்துக்குத் தனி நாடாளுமன்றம் கேட்டு மாபெரும் கையெழுத்து இயக்கம் நடத்தியவர். இன்னொருவர் இயன் ஹாமில்டன். 1950 கிறிஸ்துமஸ் சமயத்தில் வெஸ்ட்மின்ஸ்டர் அபேயிலிருந்து ஸ்காட்லாந்து மன்னர்களின் பழைய முடிசூட்டுக் கல்லை எடுத்துக்கொண்டு போன மாணவர் குழுவின் தலைவர். எதிர்மனுதாரர், அரசின் சார்பில், ஸ்காட்லாந்தில் அரசின் தலைமை வழக்கறிஞரான லார்ட் அட்வகேட்.

முதல் விசாரணையில் நீதிபதி கத்ரி மனுவைத் தள்ளினார். மேல்முறையீடு, ஸ்காட்லாந்தின் உயர் உரிமையியல் நீதிமன்றமான கோர்ட் ஆஃப் செஷனின் மேல்முறையீட்டுப் பிரிவான இன்னர் ஹவுஸில், அதன் தலைமை நீதிபதியான லார்ட் பிரசிடென்ட் கூப்பர், கார்மாண்ட், ரஸல் ஆகிய மூவர் முன் வந்தது. அங்கேயும் தள்ளுபடிதான். ஆனால் தள்ளுபடி செய்த தீர்ப்பில் கூப்பர் எழுதிய ஒரு வாக்கியம் எழுபது ஆண்டுகளாகப் பேசப்படுகிறது: நாடாளுமன்றத்துக்கு வரம்பற்ற இறைமை உண்டு என்பது தனித்த ஆங்கிலக் கோட்பாடு, ஸ்காட்லாந்தின் அரசியலமைப்புச் சட்டத்தில் அதற்கு இணையானது எதுவும் இல்லை.

இதை எழுதியவர் இங்கிலாந்தோடான ஒன்றியத்தை ஆதரித்த யூனியனிஸ்ட் கட்சியின் முன்னாள் எம்.பி. அரசுக்காக வழக்காடிய அதே லார்ட் அட்வகேட் பதவியில் தானே ஆறு ஆண்டுகள் இருந்தவர். தேசியவாதிகள் இன்று மேடையில் சொல்லும் வரி இவர் பேனாவிலிருந்து எப்படி வந்தது என்பதைத்தான் இந்த ஆய்வு பார்க்கிறது.

ஏணியும் அதன் படிகளும்

தாமஸ் மக்கே கூப்பர் 1892 செப்டம்பரில் எடின்பரோவில் பிறந்தார். ஜார்ஜ் வாட்சன்ஸ் பள்ளி, எடின்பரோ பல்கலைக்கழகம், 1915-இல் வழக்கறிஞர் பதிவு. முதல் உலகப் போர்க் காலத்தில் லண்டனில் போர் வணிகத் துறையில் வேலை பார்த்தார். அதற்காக 1920-இல் ஒரு விருது. 1927-இல் கே.சி. என்ற மூத்த வழக்கறிஞர் தகுதி. இதுவரை எந்த நல்ல வழக்கறிஞருக்கும் வாய்க்கக்கூடிய வாழ்க்கைதான்.

1935-இல் பாதை திரும்புகிறது. அதைப் புரிந்துகொள்ள லார்ட் அட்வகேட் பதவியைக் கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும். ஸ்காட்லாந்தில் குற்றவழக்குகளைத் தொடுக்கும் அமைப்பின் தலைவர் அவர். அரசுக்குச் சட்ட ஆலோசகரும் அவரே. அன்று நீதிபதி இடம் காலியானால் யாரைப் போடலாம் என்று சொன்னவரும் அவரே. பெரிய இடம் எதுவும் காலியானால் முதல் உரிமை அவருக்கு என்பது எழுதாத வழக்கமாக இருந்தது. வேறு விதமாகச் சொன்னால், தன் பெயரைத் தானே பரிந்துரைத்துக்கொண்டு நீதிபதி ஆக முடிந்தது. யாரும் அதைத் தவறாக நினைக்கவில்லை. ஸ்காட்லாந்தில் நீதிபதிகளைத் தேர்ந்தெடுக்கத் தனி வாரியம் 2002-இல்தான் வந்தது.

கூப்பரின் காலத்து வரிசையைப் பாருங்கள். லார்ட் அட்வகேட்டாக இருந்த கிரெய்கி ஐட்சிசன் 1933-இல் ஸ்காட்லாந்தின் இரண்டாம் நிலை நீதிபதியான லார்ட் ஜஸ்டிஸ் கிளார்க் ஆனார். அவருக்குப் பின் வந்த வில்ஃபிரிட் நார்மண்ட் 1935-இல் லார்ட் பிரசிடென்ட் ஆனார். நார்மண்ட் எம்.பி.யாக இருந்த எடின்பரோ மேற்குத் தொகுதி அதனால் காலியாயிற்று. அந்த இடைத்தேர்தலில் நின்று வென்றவர் கூப்பர். அதே ஆண்டில் லார்ட் அட்வகேட்டுக்குத் துணையான சொலிசிட்டர் ஜெனரல், ஆண்டு முடிவதற்குள் லார்ட் அட்வகேட். 1941-இல் ஐட்சிசன் இறந்தபோது அவர் இடத்துக்குக் கூப்பர். 1947-இல் நார்மண்ட் பிரபுக்கள் சபையின் நீதிபதியாக லண்டன் போனபோது அந்த இடமும் கூப்பருக்கு. நார்மண்ட் காலி செய்த இருக்கையில் இரண்டு முறை, ஐட்சிசன் விட்டுப்போன இருக்கையில் ஒரு முறை. 1947 நியமனத்தைச் செய்தது அட்லியின் தொழிற்கட்சி அரசு. யூனியனிஸ்ட் ஒருவரை நாட்டின் தலைமை நீதிபதியாக்க அவர்கள் தயங்கவில்லை.

ஆக நாடாளுமன்ற வாழ்க்கை ஆறே ஆண்டு. அரசியல்வாதியாக அவர் பெரிய பேச்சாளர் என்று யாரும் நினைவுகூர்வதில்லை. ஆனால் சட்டங்கள் எப்படி வரைவு செய்யப்படுகின்றன, ஸ்காட்லாந்துக்கான மசோதாக்கள் லண்டனில் எந்த நேரத்தில், எத்தனை பேர் முன்னிலையில் நிறைவேறுகின்றன என்பதையெல்லாம் உள்ளே இருந்து பார்த்தவர். நாடாளுமன்றத்தின் இறைமை என்பது அவருக்குப் பாடப்புத்தகத்தில் படித்த விஷயமாக மட்டும் இருந்திருக்க முடியாது.

மலைநாட்டு மின்சாரம்

நீதிபதியான பிறகுதான் அவருடைய முக்கியமான அரசியல் வேலை வந்தது என்பது என் கருத்து. 1941-இல் ஸ்காட்லாந்துக்கான அமைச்சர் டாம் ஜான்ஸ்டன், ஹைலண்ட்ஸ் மலைப்பகுதியில் நீர்மின் உற்பத்தி பற்றி ஆராய ஒரு குழு அமைத்தார். தலைவர் கூப்பர். ஜான்ஸ்டன் தொழிற்கட்சிக்காரர், கூப்பர் எதிர்முகாம். போர்க்காலக் கூட்டணி ஆட்சியில் அது பொருட்டில்லை.

முப்பதுகளில் இந்த நீர்மின் திட்டங்கள் மசோதாக்களாக நாடாளுமன்றத்துக்கு வந்து தோற்றுக்கொண்டே இருந்தன. நில உடைமையாளர்கள், மீன்பிடி உரிமை வைத்திருந்தவர்கள், நிலக்கரித் தரப்பினர், இயற்கைக் காட்சி கெடும் என்றவர்கள் என்று ஆளுக்கொரு பக்கம் இழுத்தார்கள். 1942 டிசம்பரில் வந்த கூப்பர் அறிக்கை இந்தச் சண்டையை ஒளிவுமறைவில்லாமல் எழுதியது. தனித்தனிக் குழுக்களின் நலன்கள் மோதிக்கொண்டதில், நாட்டுக்கும் வட்டாரத்துக்கும் எது வேண்டும் என்ற பெரிய கேள்வியே மூழ்கிப்போய்விட்டது என்றது.

இயற்கை அழகைக் காரணம் காட்டியவர்களுக்கு அதில் ஒரு பத்தி உண்டு. குழு அறிக்கைகளில் இப்படி எழுதுபவர்கள் குறைவு. குறுகிய கோடைக்காலத்தில் வந்து பார்த்துவிட்டுப் போகிறவர்களுக்காக மலைநாட்டை என்றென்றும் மாறாமல் வைத்திருக்க வேண்டுமென்றால், பெரும்பகுதியைத் தேசியப் பூங்காவாக்கிவிடலாம். குறைந்துகொண்டே வரும் மண்ணின் மக்களைச் சில ஒதுக்கிடங்களில் கொஞ்ச காலம் குடிவைக்கலாம், அவர்கள் ஒரேயடியாக அழிந்துபோகும் வரை. இதுதான் அந்தப் பத்தியின் சாரம். ஒரு நீதிபதியின் எழுத்தில் இத்தனை காரம்.

அறிக்கையின் மேல் 1943-இல் சட்டம் வந்தது. வட ஸ்காட்லாந்து நீர்மின் வாரியம் பிறந்தது. லாக் ஸ்லாய் நிலையம் 1950-இல் திறக்கப்பட்டது. இந்தச் சாதனைக்கு இன்றும் ஜான்ஸ்டன் பெயரைத்தான் சொல்கிறார்கள், அது நியாயம்தான். இருந்தாலும் இங்கே கவனிக்க வேண்டியது, ஸ்காட்லாந்தின் பிரச்சினை லண்டனின் குழு மோதல்களில் தொலைந்துபோவதைப் பற்றிக் கூப்பருக்கு இருந்த எரிச்சல். பத்து ஆண்டு கழித்து வந்த தீர்ப்பில் அதன் வாடையை முகர முடிகிறது.

பால் புட்டியும் தானிய வயலும்

கோர்ட் ஆஃப் செஷனின் லார்ட் பிரசிடென்ட்தான் குற்றவியல் உயர்மன்றத்துக்கும் தலைவர். அங்கே அவர் பெயர் லார்ட் ஜஸ்டிஸ் ஜெனரல். கூப்பரின் பெயர் சட்ட மாணவர்களுக்கு அரசியலமைப்பைவிட இந்தப் பக்கத்தில்தான் அதிகம் தெரியும்.

1950-இன் லாரி எதிர் மியூர் வழக்கு ஒரு பால் கடையைப் பற்றியது. மற்ற பால்காரர்களின் புட்டிகளைப் பயன்படுத்தியதாக ஒரு பெண்மணிக்குத் தண்டனை. கடைக்குள் நுழைந்து சோதித்த ஆய்வாளர்கள் இருவரிடமும் அதிகார அட்டை இருந்தது. ஆனால் அந்த அதிகாரம் அவர் போன்ற கடைக்காரருக்குப் பொருந்தாது. ஏமாற்ற வேண்டும் என்று அவர்கள் வரவில்லை, தங்களுக்கு உரிமை உண்டு என்றே நம்பினார்கள். கூப்பர் தண்டனையை ரத்து செய்தார். குடிமகனை அதிகாரிகளின் முறைகேடான நுழைவிலிருந்து காப்பது ஒரு நலன். குற்றத்துக்கான சாட்சியம் வெறும் சம்பிரதாயக் குறையால் வீணாகாமல் பார்ப்பது இன்னொரு நலன். இரண்டில் எதையும் எல்லை வரை வலியுறுத்த முடியாது என்று எழுதினார். ஒரு புட்டி வழக்கில் எழுதிய இந்தப் பத்தியைப் பெரிய பெரிய குற்ற வழக்குகளில் இன்றும் எடுத்துப் படிக்கிறார்கள்.

1954-இன் சால்மர்ஸ் வழக்கு கனமானது. ஃபால்கர்க்கில் கொலை. சந்தேகம் பதினாறு வயதுப் பையன் மேல். காவல் நிலையத்தில் விசாரித்தபோது அவன் உடைந்து அழுதான். பிறகு போலீஸாரை ஒரு தானிய வயலுக்குக் கூட்டிப்போய், இறந்தவரின் பணப்பை கிடந்த இடத்தைக் காட்டினான். கூட வழக்கறிஞர் இல்லை, அப்பா இல்லை. வாக்குமூலத்தைச் சேர்க்க முடியாது என்று தெரிந்த அரசுத் தரப்பு, வயலில் நடந்ததையாவது சாட்சியமாக்கப் பார்த்தது. வயலுக்குப் போனதும் அந்த விசாரணையின் தொடர்ச்சியே, இரண்டையும் பிரிக்க முடியாது என்றது மன்றம். கொலைத் தண்டனை ரத்தானது. சந்தேகம் ஒருவர் மேல் குவிந்த பிறகு அவரைத் தொடர்ந்து குடைவது மிக ஆபத்தானது என்று கூப்பர் எச்சரித்தார். அரசு வழக்குகளின் தலைவராக ஆறு ஆண்டு இருந்தவர் சொன்னது இது. போலீஸ் தரப்பு அன்று எவ்வளவு கசந்திருக்கும் என்று ஊகிக்கலாம். பின்னாளைய நீதிபதிகள் இந்தக் கோட்டைக் கொஞ்சம் தளர்த்தினார்கள்.

மூன்றாவது ஒரு வழக்கையும் சொல்லிவிடுகிறேன், அது மக்கார்மிக் வழக்கோடு அதே 1953-இல் வந்தது என்பதால். எடின்பரோ நகராட்சி சாக்கடை அமைக்க வெடி வைத்ததில் டேவி என்பவரின் வீடு சேதமடைந்தது. எங்கள் நிபுணர் சொன்னதை யாரும் மறுக்கவில்லை, ஆகவே நீதிமன்றம் அதை ஏற்றே ஆக வேண்டும் என்று நகராட்சி வாதிட்டது. கூப்பர் ஒரேயடியாக மறுத்தார். வழக்காடுபவர்கள் கேட்டு வந்தது நீதிமன்றத்தின் முடிவை, நிபுணரின் அருள்வாக்கை அல்ல என்றார். நிபுணரின் வேலை, நீதிபதி தானே சோதித்துப் பார்க்கும்படி அறிவியல் அளவுகோல்களை எடுத்துக் கொடுப்பது மட்டும்தான். நிபுணர் சாட்சியம் பற்றி 2016-இல் பிரிட்டன் உச்ச நீதிமன்றம் எழுதியபோதும் இந்தத் தீர்ப்பைத்தான் எடுத்து வைத்துக்கொண்டது.

பழைய ஏடுகள்

நீதிமன்ற நேரம் போக மீதி நேரத்தில் இவர் இடைக்கால ஏடுகளில் மூழ்கிக் கிடந்தார். திருமணம் செய்துகொள்ளவில்லை. பதின்மூன்றாம் நூற்றாண்டு ஸ்காட்லாந்து வழக்குகளைத் தொகுத்து 1944-இல் வெளியிட்டார். ரீஜியம் மஜெஸ்டாடம் என்ற பழைய லத்தீன் சட்டநூலை, ஸ்காட்லாந்துச் சட்ட வரலாற்றுக்கான ஸ்டேர் சொசைட்டிக்காகப் பதிப்பித்து 1947-இல் கொண்டுவந்தார். அவர் லார்ட் பிரசிடென்ட் ஆன வருடம் அதுதான்.

இந்த ஆர்வத்துக்குப் பின்னால் ஒரு கவலை இருந்தது. 1707-இல் ஸ்காட்லாந்து தன் நாடாளுமன்றத்தை இழந்தது. சட்டத்தையும் நீதிமன்றங்களையும் இழக்கவில்லை. உடன்படிக்கையின் பத்தொன்பதாம் பிரிவு கோர்ட் ஆஃப் செஷன் என்றென்றைக்கும் நிலைக்கும் என்கிறது. பதினெட்டாம் பிரிவு, தனிமனித உரிமைகள் பற்றிய சட்டத்தை ஸ்காட்லாந்து மக்களின் வெளிப்படையான நன்மைக்காக அன்றி மாற்றக் கூடாது என்கிறது. ஆனாலும் அன்று உரிமையியல் வழக்குகளின் கடைசி மேல்முறையீடு லண்டனில், பிரபுக்கள் சபையில். அங்கே பெரும்பான்மை ஆங்கில நீதிபதிகள். ரோமன் சட்டத்தின் சாயல் கொண்ட ஸ்காட்லாந்துச் சட்டம், ஆங்கிலச் சட்டத்தின் கசிவில் கொஞ்சம் கொஞ்சமாக நிறம் மாறுவதாகக் கூப்பருக்குப் பட்டது. பேராசிரியர் டி. பி. ஸ்மித்தும் இதே வழியில் எழுதினார். பின்னாளைய ஆய்வாளர்கள் இதற்குக் கூப்பர்–ஸ்மித் சித்தாந்தம் என்று பெயரே வைத்துவிட்டார்கள். பழைய சட்டத்தின் தூய்மையை இருவரும் மிகைப்படுத்தினார்கள் என்ற விமர்சனமும் அதோடு வந்தது. அதில் உண்மை இருக்கிறது.

ஆகவே கூப்பர் இரண்டு விஷயத்தை ஒரே நேரத்தில் நம்பினார்: நாடு ஒன்று, சட்டம் இரண்டு. ஒன்றியம் வேண்டும் என்பவர்தான், ஒன்றியத்தின் நிபந்தனைகளை ஒப்பந்தத்தில் ஒரு தரப்பாக இருப்பவரின் கண்ணால் வாசித்தார்.

தீர்ப்பின் இரண்டு பாதி

இப்போது தீர்ப்புக்கு வருவோம். மனு தோற்றதற்கான காரணங்கள் வறண்டவை. உடன்படிக்கையின் முதல் பிரிவு இரண்டு நாடுகள் ஒன்றாவதைச் சொல்கிறது. அரசருக்கு எந்த எண் போட வேண்டும் என்று அதில் எதுவும் இல்லை. மனுதாரர்களுக்கு இப்படி ஒரு வழக்குத் தொடரும் தகுதியும் இல்லை. இங்கேயே நிறுத்தியிருக்கலாம். முதல் நீதிபதி கத்ரியோ, நாடாளுமன்றத்தின் சட்டத்தைக் கேள்வி கேட்க நீதிமன்றத்துக்கு உரிமையில்லை என்று சொல்லியிருந்தார். கூப்பரால் அதைச் சும்மா விட முடியவில்லை.

வரம்பற்ற இறைமைக் கோட்பாடு கோக், பிளாக்ஸ்டோன் என்ற ஆங்கிலச் சட்ட அறிஞர்களிடமிருந்து வந்தது, பத்தொன்பதாம் நூற்றாண்டில் பேஜட்டும் டைசியும் அதைப் பரப்பினார்கள் என்று தொடங்குகிறார். ஒன்றியச் சட்டம் ஸ்காட்லாந்து நாடாளுமன்றத்தையும் கலைத்தது, இங்கிலாந்து நாடாளுமன்றத்தையும் கலைத்தது, இரண்டுக்கும் பதிலாகப் புதிய ஒன்றை வைத்தது. அப்படியிருக்க, அந்தப் புதியது ஆங்கில நாடாளுமன்றத்தின் தனித்தன்மைகள் அத்தனையையும் சுவீகரித்தது, ஸ்காட்லாந்தினுடையதில் ஒன்றையும் எடுத்துக்கொள்ளவில்லை என்று ஏன் நினைக்க வேண்டும்? ஸ்காட்லாந்துப் பிரதிநிதிகள் சிலரை இங்கிலாந்து நாடாளுமன்றத்தில் சேர்த்துக்கொண்டது மட்டும்தானா 1707-இல் நடந்தது? அப்படி நடக்கவில்லை என்று முடிக்கிறார்.

அடுத்த வாதம் ஒரு பத்திரத்தை வாசிப்பவரின் வாதம். உடன்படிக்கையில் சில பிரிவுகள், இதைப் பின்னால் நாடாளுமன்றம் மாற்றிக்கொள்ளலாம் என்று வெளிப்படையாகச் சொல்கின்றன. வேறு சில, இது என்றென்றும் மாற்ற முடியாத அடிப்படை நிபந்தனை என்கின்றன. நாடாளுமன்றம் எதையும் மாற்றலாம் என்றால் இந்த வேறுபாட்டை ஏன் எழுத வேண்டும்? விசாரணையில் லார்ட் அட்வகேட் தரப்பே அந்த அடிப்படை நிபந்தனைகளை நாடாளுமன்றம் மாற்ற முடியாது என்று ஒப்புக்கொண்டுவிட்டது. இந்த விட்டுக்கொடுப்பைப் பலர் கவனிப்பதில்லை. அரசு அன்று எதிர்த்து வாதாடியிருந்தால் தீர்ப்பின் இந்தப் பகுதி இவ்வளவு உறுதியாக வந்திருக்குமா என்று எனக்குச் சந்தேகம்.

அதன் பின் வருவது இரண்டாவது பாதி. மேடைகளில் இதை யாரும் வாசிப்பதில்லை. இப்படிப்பட்ட ஓர் அரசுச் செயல் உடன்படிக்கைக்கு ஒத்திருக்கிறதா என்று தீர்மானிக்கும் அதிகாரம் ஸ்காட்லாந்து நீதிமன்றத்துக்கோ இங்கிலாந்து நீதிமன்றத்துக்கோ உண்டு என்பதற்கு முன்னுதாரணமும் இல்லை, ஆதாரமும் இல்லை என்கிறார் கூப்பர். அதுவும் இரண்டு நாடுகளும் தங்கள் தனித்தன்மையைக் கலந்துவிட்ட உடன்படிக்கை இது. தனிமனித உரிமையைத் தொடும் சட்டம் ஒன்று பதினெட்டாம் பிரிவை மீறினால் என்ன ஆகும் என்ற கேள்வியை மட்டும் பின்னாளுக்கு ஒதுக்கி வைத்தார்.

நாடாளுமன்றத்துக்கு வரம்பு உண்டு. ஆனால் அந்த வரம்பை நாங்கள் காவல் காக்கப்போவதாகச் சொல்லவில்லை. இரண்டையும் சேர்த்து வாசித்தால்தான் கூப்பர் முழுதாகத் தெரிகிறார். வெறும் சட்ட அறிஞராக இருந்திருந்தால் முதல் பாதியோடு உற்சாகமாக முன்னே போயிருப்பார். அரசாங்கத்தில் இருந்து வந்தவர் என்பதால், அரசியின் பட்டத்தை ரத்து செய்யும் உத்தரவை எடின்பரோவில் எழுதினால் மறுநாள் என்ன நடக்கும் என்று அவருக்குத் தெரியும்.

வரலாறும் முதல் பாதிக்கு அவ்வளவு ஒத்துழைக்கவில்லை. திருச்சபையில் போதகரை நியமிக்கும் உரிமையை நிலவுடைமையாளர்களுக்குத் திருப்பித் தந்த சட்டம் ஒன்றியத்துக்கு ஐந்தே ஆண்டில் வந்தது. பல்கலைக்கழகப் பேராசிரியர்கள் திருச்சபையின் விசுவாசப் பிரமாணத்தில் கையெழுத்திட வேண்டும் என்ற 1707-இன் ஏற்பாட்டை நாடாளுமன்றம் 1853-இல் தளர்த்தியது. எந்த நீதிமன்றமும் தடுக்கவில்லை.

பிறகு

எண் விவகாரத்தை அரசியல்தான் ஆற்றியது. இனி இங்கிலாந்து, ஸ்காட்லாந்து இரண்டு வரிசையிலும் எது பெரிய எண்ணோ அதையே எடுத்துக்கொள்ளலாம் என்று சர்ச்சில் 1953-இல் நாடாளுமன்றத்தில் சொன்னார். ஸ்காட்லாந்தின் புதிய தபால் பெட்டிகளில் எண் போடுவதை விட்டு ஸ்காட்லாந்து மகுடத்தைப் பொறித்தார்கள்.

கூப்பர் உடல்நலம் குன்றி 1954 கடைசியில் பதவி விலகினார். கல்ராஸ் பிரபு என்ற பட்டம் அந்த ஆண்டே வந்தது. 1955 ஜூலையில் இறந்தார். வாரிசு இல்லாததால் பட்டமும் அவரோடு முடிந்தது. அவர் இடத்துக்கு வந்தவர் ஜேம்ஸ் லேதம் கிளைட், மக்கார்மிக் வழக்கின் போது லார்ட் அட்வகேட்டாக இருந்தவர். ஏணி வழக்கம்போல வேலை செய்தது.

தள்ளுபடியான மனுவின் வாழ்க்கை மட்டும் முடியவில்லை. 1975-இல் கிப்சன் என்ற மீனவர், ஐரோப்பியப் படகுகளை ஸ்காட்லாந்துக் கடலில் அனுமதிப்பது பதினெட்டாம் பிரிவை மீறுகிறது என்று வழக்குப் போட்டார். நீதிபதி கீத் தள்ளுபடி செய்தார். ஆனால் கோர்ட் ஆஃப் செஷனையோ ஸ்காட்லாந்துத் திருச்சபையையோ ஒழிக்க நாடாளுமன்றம் சட்டம் போட்டால், அல்லது ஸ்காட்லாந்தின் தனிமனிதச் சட்டம் முழுவதையும் எடுத்துவிட்டு ஆங்கிலச் சட்டத்தை வைத்தால் என்ன செய்வது என்ற கேள்விக்கு விடை சொல்லாமல் ஒதுக்கினார். நரி வேட்டைத் தடை பற்றிய 2005 ஜாக்சன் வழக்கில் ஸ்காட்லாந்தைச் சேர்ந்த லார்ட் ஹோப், ஆங்கிலக் கோட்பாடான வரம்பற்ற இறைமை படிப்படியாகத் தகுதிப்படுத்தப்பட்டு வருகிறது என்று எழுதினார்.

ஜான் மக்கார்மிக்கின் மகன் நீல் மக்கார்மிக், எடின்பரோ பல்கலைக்கழகத்தில் பொதுச்சட்டப் பேராசிரியர் ஆனார். சட்டத் தத்துவத்தில் உலகளவில் பெயர் பெற்றவர். அப்பா தோற்ற வழக்கை வைத்தே, பிரிட்டனுக்கு ஓர் அரசியலமைப்பு உண்டா என்று 1978-இல் கட்டுரை எழுதினார்.

எதிர்க்காற்றும் அடிக்கிறது. வட அயர்லாந்தின் பிரெக்ஸிட் ஏற்பாடு 1800 ஒன்றியச் சட்டத்தை மீறுகிறது என்று வந்த அலிஸ்டர் வழக்கில், 2023 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் நாடாளுமன்றத்தின் பக்கமே நின்றது. பின்னால் வந்த சட்டம் தெளிவாக இருக்கும்போது, ஒன்றியச் சட்டம் அடிப்படை உரிமை தருகிறதா என்ற விவாதம் ஏட்டுச் சுரைக்காய்தான் என்ற நிலைப்பாடு. அது அயர்லாந்தோடு நடந்த ஒன்றியம் பற்றியது. 1707 உடன்படிக்கையை மீறியதாகச் சொல்லி நாடாளுமன்றச் சட்டம் எதையும் இதுவரை எந்த நீதிமன்றமும் ரத்து செய்ததில்லை. கூப்பர் ஒதுக்கி வைத்த கேள்வியும் ஒதுக்கி வைத்தபடியே கிடக்கிறது.